ஒரு காகிதத்திலிருந்து தொடங்குங்கள்: குடியுரிமை ஆய்வுக்குப் புதிதாக வருபவர்களுக்கு

புலம்பெயர்வு, குடியுரிமை, மனித உரிமை ஆகிய மூன்றையும் சேர்த்துப் படிக்க ஆசைப்பட்டு வருகிறவர்கள் பெரும்பாலும் ஒரே இடத்தில் வழுக்குகிறார்கள். முதல் மாதம் முழுக்கத் தத்துவம் படிக்கிறார்கள். இறையாண்மை, எல்லை, பிறன்மை என்று குறிப்பேடு நிறைகிறது. இரண்டாம் மாதம் ஒரு முகாமுக்குப் போகிறார்கள். அங்கே ஒரு பெரியவர் பிளாஸ்டிக் பையிலிருந்து பழுப்பேறிய நான்கு தாள்களை எடுத்து நீட்டி, “இதைப் பார்த்து நான் எந்த நாட்டுக்காரன் என்று சொல்லுங்கள் தம்பி” என்கிறார். குறிப்பேட்டைப் புரட்டினால் விடை இல்லை. நானும் ஒரு காலத்தில் அப்படி விழித்துக்கொண்டு நின்றவன்தான்.

அந்தப் பெரியவருக்கு விடை சொல்லக் கற்றுக்கொள்ள விரும்புகிறவர்களுக்காக இதை எழுதுகிறேன். நீங்கள் சட்ட மாணவராக இருக்கலாம், முதுகலை ஆய்வேட்டுக்குத் தலைப்பு தேடுபவராக இருக்கலாம், செய்தியாளராக இருக்கலாம். பாட்டியின் டிரங்குப் பெட்டியில் ‘சிலோன்’ என்று அச்சடித்த தாளைக் கண்டெடுத்த பேரப்பிள்ளையாகவும் இருக்கலாம். எடுத்துக்காட்டுக்கு ஒரே ஒரு வரலாற்றைக் கடைசிவரை பிடித்துக்கொள்கிறேன்: இலங்கையின் மலையகத் தமிழர்கள் (தோட்ட வேலைக்குத் தமிழகத்திலிருந்து போனவர்களின் வழிவந்தவர்கள்), அவர்களில் இந்தியாவுக்கு அனுப்பப்பட்டவர்கள், தமிழ்நாட்டு முகாம்களில் இன்னும் இருப்பவர்கள். அசாமையோ ரோஹிங்கியாக்களையோ ஆராயப் போகிறவருக்கும் வழிமுறை இதுவே. தேதிகளும் சட்டங்களும்தான் மாறும்.

முதல் படி: காகிதம்

தலைப்பைத் தேட வேண்டாம், ஓர் ஆவணத்தைத் தேடுங்கள். பிறப்புச் சான்று, கடவுச்சீட்டு, கண்டியிலிருந்த இந்திய உதவித் தூதரகம் வழங்கிய குடும்ப அட்டை, முகாம் அடையாள அட்டை, நிராகரிக்கப்பட்ட விண்ணப்பம், எதுவானாலும் சரி. கையில் கிடைத்ததும் ஐந்து கேள்விகள் கேளுங்கள். யார் கொடுத்தது? எந்தத் தேதியில்? எந்தச் சட்டத்தின் கீழ்? வைத்திருப்பவரை என்ன பெயரிட்டு அழைக்கிறது? எதை எழுதாமல் விட்டிருக்கிறது?

ஐந்தாவது கேள்விதான் பெரும்பாலும் ஆய்வாக வளரும். குடும்ப அட்டையில் தந்தை, தாய், மூன்று பிள்ளைகள் என்று ஐந்து பெயர்கள் இருக்கும். பேசிக்கொண்டே போனால் மூத்த மகன் ஒருவன் உண்டு என்பது தெரியவரும். அவன் தனியாக இலங்கைக் குடியுரிமைக்கு விண்ணப்பித்ததால் பட்டியலில் வரவில்லை, தோட்டத்திலேயே நின்றுவிட்டான். 1964-இல் இந்திய, இலங்கை அரசுகள் கையெழுத்திட்ட ஒப்பந்தம் ஒரு குடும்பத்துக்குள் எப்படிப் புகுந்தது என்பதை அந்த ஒரு பெயரின் இல்லாமை சொல்லிவிடும்.

இரண்டாம் படி: சொற்கள்

இத்துறையில் சொல் தவறினால் ஆளே மாறிவிடுவார். அகதி அல்லது ஏதிலி என்பவர் துன்புறுத்தலுக்கோ போருக்கோ அஞ்சி நாட்டைவிட்டு வந்தவர். அவருக்கு ஒரு நாட்டின் குடியுரிமை இருக்கலாம். நாடற்றவர் என்பவர் எந்த நாடும் தன் சட்டப்படி தன் குடிமகனாகக் கருதாதவர். அவர் பிறந்த ஊரைவிட்டு ஓரடி நகராதவராகவும் இருக்கலாம். இந்த இரண்டாவது வரையறை 1954-ஆம் ஆண்டின் ஐ.நா. உடன்படிக்கையில் இருக்கிறது. தாயகம் திரும்பியோர் என்பது 1964-க்குப் பின் ஒப்பந்தப்படி இந்தியக் குடியுரிமை பெற்று வந்தவர்களுக்கு அரசு வைத்த பெயர். வந்தவர்களில் பலர் இந்தியாவைப் பார்த்ததே இல்லை. அவர்களுக்கு எது தாயகம் என்ற கேள்வியை அந்தப் பெயர் சாமர்த்தியமாக மூடி வைத்திருக்கிறது. சட்டவிரோதக் குடியேறி என்பது இந்தியக் குடியுரிமைச் சட்டத்தில் வரையறுக்கப்பட்ட சொல். வசவாகவோ செய்தித் தலைப்பாகவோ அதைப் பயன்படுத்தாதீர்கள்.

ஒரே முகாமில், ஒரே வரிசையில் தண்ணீர் பிடிக்க நிற்கும் மூன்று பேர் மூன்று வெவ்வேறு நிலைகளில் இருக்கலாம். யாழ்ப்பாணத்திலிருந்து 1990-இல் படகில் வந்தவர் இலங்கைக் குடிமகன். பக்கத்தில் நிற்பவரின் பெற்றோர் தேயிலைத் தோட்டத்திலிருந்து 1977 கலவரத்துக்குப் பின் வவுனியாவுக்கு நகர்ந்து, அங்கிருந்து மறுபடியும் ஓடி வந்தவர்கள். அவர் நாடற்றவராக இருக்கக்கூடும். மூன்றாமவர் முகாமிலேயே பிறந்தவர். வெளியிலிருந்து பார்ப்பவர் மூவரையும் ‘இலங்கை அகதிகள்’ என்று எழுதிவிட்டுப் போய்விடுகிறார். இந்த ஒரு தவறே எத்தனையோ ஆய்வேடுகளைக் கெடுத்திருக்கிறது.

தேடும்போதும் இது உதவும். இலங்கைத் தமிழ்ப் பதிப்புகளில் ‘பிரஜாவுரிமை’ என்று இருக்கும், தமிழ்நாட்டில் ‘குடியுரிமை’. ‘மலையகத் தமிழர்’ என்று மட்டும் தேடினால் பாதிதான் கிடைக்கும். ‘இந்திய வம்சாவளியினர்’, ‘இந்தியத் தமிழர்’, ‘தோட்டத் தொழிலாளர்’ என்றும் தேடுங்கள். ‘சிறிமா’, ‘சிறிமாவோ’, ‘ஸ்ரீமாவோ’ மூன்றும் இலங்கையின் முன்னாள் பிரதமர் ஒருவரே என்பது கணினிக்குத் தெரியாது. ‘கள்ளத்தோணி’ என்ற சொல்லும் பழைய இதழ்களில் தட்டுப்படும். அது அம்மக்கள்மேல் எறியப்பட்ட வசவு. மேற்கோளில் வரலாம், உங்கள் வாக்கியத்தில் வரக்கூடாது.

மூன்றாம் படி: தேதிக் கோடு

இதில்தான் அதிக நேரம் செலவிட வேண்டும். ஒரு நீளத் தாளை எடுத்து நடுவில் கோடு போடுங்கள். கோட்டுக்கு மேலே சட்டங்கள், கீழே நீங்கள் ஆராயும் குடும்பத்தின் பிறப்பு, திருமணம், பயணம். குடியுரிமைச் சட்டம் மனிதர்களைப் பார்ப்பதைவிடத் தேதிகளைத்தான் கவனமாகப் பார்க்கும்.

மேல் வரியில் முதலில் வருவது 1948 நவம்பர் 15. இலங்கைக் குடியுரிமைச் சட்டம் நடைமுறைக்கு வந்த நாள். இலங்கையில் பிறந்திருந்தால் மட்டும் போதாது என்றது அது. தந்தை இலங்கையில் பிறந்திருக்க வேண்டும், இல்லையென்றால் தந்தைவழிப் பாட்டனும் பூட்டனும் அங்கே பிறந்திருக்க வேண்டும். திருச்சி, சேலம், இராமநாதபுரம் பக்கத்திலிருந்து கங்காணி அழைத்துப் போன தொழிலாளியின் மகன் பூட்டனின் பிறப்புச் சான்றுக்கு எங்கே போவான்? அடுத்து 1949-இல் இந்திய, பாகிஸ்தானிய வதிவோர் சட்டம். 1946 ஜனவரி 1-க்கு முன் இடைவிடாமல் பத்து ஆண்டுகள், திருமணமானவராயின் ஏழு ஆண்டுகள், இலங்கையில் வசித்ததை நிரூபித்தால் விண்ணப்பிக்கலாம் என்றது. எட்டு லட்சத்துக்கும் மேற்பட்டோருக்காக விண்ணப்பங்கள் போயின; கிடைத்தது ஏறத்தாழ 1,34,000 பேருக்கு. இடையில் ஊருக்கு ஒரு திருவிழாவுக்கோ சாவுக்கோ வந்து போனதையே ‘இடைவெளி’ என்று வாதிட முடிந்தது. அதே 1949-இல் வாக்குரிமையும் போயிற்று. 1947 தேர்தலில் இலங்கை இந்தியக் காங்கிரஸ் சார்பில் ஏழு பேரைத் தேர்ந்தெடுத்து அனுப்பிய மக்கள் அடுத்த தேர்தலில் பட்டியலிலேயே இல்லை.

அடுத்த புள்ளி 1964 அக்டோபர் 30. இரு நாட்டுப் பிரதமர்கள் செய்துகொண்ட சிறிமாவோ – சாஸ்திரி ஒப்பந்தம். 9,75,000 பேரைக் கணக்கில் எடுத்து 5,25,000 பேரை இந்தியாவும் 3,00,000 பேரை இலங்கையும் ஏற்பதென முடிவானது. மீதி 1,50,000 பேரைப் பிறகு பார்க்கலாம் என்று விட்டு, 1974-இல் இந்திராவும் சிறிமாவோவும் ஆளுக்கு 75,000 என்று பாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். ஒப்பந்தம் கையெழுத்தாகி இரண்டு மாதம் முடிவதற்குள், டிசம்பரில், புயல் தனுஷ்கோடியை அழித்தது. பிறகு கப்பல் தலைமன்னாரிலிருந்து இராமேசுவரத்துக்கு வந்தது. 1984-இல் அதுவும் நின்றது. குடியுரிமை கிடைத்தும் கப்பல் கிடைக்காதவர்கள் தோட்டங்களிலேயே இருந்தார்கள்.

1964 அக்டோபர் 30 என்ற அந்தத் தேதியைச் சிவப்பு மையால் வட்டமிடுங்கள். இலங்கை 2003-இல் நாடற்றோர் சிக்கலை முடிக்கக் கொண்டுவந்த சட்டம், அந்தத் தேதியிலிருந்து இலங்கையில் நிரந்தரமாக வசிப்பவருக்கும் அவர் வழிவந்தவருக்கும் குடியுரிமை என்றது. நல்ல சட்டம்தான். ஆனால் 1983-க்குப் பின் உயிர் தப்பி இந்திய முகாமுக்கு வந்தவர் ‘நிரந்தரமாக வசிப்பவர்’ ஆவாரா? இந்த ஓட்டையை அடைக்க 2009-இல் திருத்தம் தேவைப்பட்டது. ஒரு பிரதமர் கையெழுத்திட்ட நாள், நாற்பது ஆண்டுகள் கழித்து ஒரு கூலித்தொழிலாளியின் பேத்திக்கு வாசற்படியாகிறது.

இந்தியப் பக்கம் கோட்டில் மூன்று தேதிகள் போதும், ஆனால் மூன்றும் மனப்பாடமாக வேண்டும். 1950 ஜனவரி 26 முதல் 1987 ஜூலை 1-க்கு முன்வரை இந்தியாவில் பிறந்தவர், தூதர் பிள்ளைகள் போன்ற சில விலக்குகள் நீங்கலாக, பிறப்பாலேயே இந்தியக் குடிமகன். பெற்றோர் யார் என்ற கேள்வியே இல்லை. 1987 ஜூலை 1 முதல் 2004 டிசம்பர் 3-க்கு முன்வரை பிறந்தவருக்குப் பெற்றோரில் ஒருவராவது இந்தியக் குடிமகனாக இருக்க வேண்டும். அதற்குப் பிறகு பிறந்தவருக்கு இருவரும் குடிமக்களாக இருக்க வேண்டும், அல்லது ஒருவர் குடிமகனாகவும் மற்றவர் சட்டவிரோதக் குடியேறி அல்லாதவராகவும் இருக்க வேண்டும்.

இதை வைத்து ஒரு பயிற்சி. 1984-இல் மன்னாரிலிருந்து படகில் வந்த தம்பதி. இருவரும் இலங்கைக் குடிமக்கள். இராமேசுவரம் அருகேயுள்ள மண்டபம் முகாமில் 1987 மார்ச்சில் ஒரு மகள், 1990-இல் ஒரு மகன். மகள் இந்தியக் குடிமகள்; மகன் அல்ல. ஒரே தாய், ஒரே முகாம், ஒரே பள்ளி. இது ஏட்டுக் கணக்கு என்று நினைக்க வேண்டாம். 1986-இல் மண்டபத்தில் பிறந்த ஒரு பெண்ணுக்கு இதே பிரிவின் கீழ் கடவுச்சீட்டு வழங்க வேண்டும் என்று 2022-இல் சென்னை உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை உத்தரவிட்டது. 2024 மக்களவைத் தேர்தலில் அவர் வாக்களித்தார்.

இனிப் பயிற்சியைக் கொஞ்சம் கடினமாக்குவோம். இதே போன்ற முகாமில் 1990-இல் பிறந்த ஒருவரை அந்த மகள் மணக்கிறார். 2010-இல் குழந்தை. தாய் குடிமகள். தந்தை சட்டவிரோதக் குடியேறியா? சட்டத்தின் வரையறையை எடுத்துப் படியுங்கள்: உரிய பயண ஆவணம் இல்லாமல் இந்தியாவுக்குள் ‘நுழைந்த’ அயலார், அல்லது அனுமதித்த காலத்துக்கு மேல் தங்கியவர். இங்கேயே பிறந்தவர் எங்கிருந்து எங்கே நுழைந்தார்? இந்த ஒரு வினைச்சொல்லைப் பற்றி நல்ல ஆய்வுக்கட்டுரை ஒன்றை எழுதலாம். முகாம்களில் இப்படிப்பட்ட குழந்தைகள் கற்பனைப் பாத்திரங்கள் அல்லர்.

நான்காம் படி: சட்டத்தைச் சட்டத்திலேயே படியுங்கள்

செய்தித்தாள் சொல்வதை வைத்துச் சட்டம் எழுதாதீர்கள். இந்தியச் சட்டங்களின் மூல வாசகம் மத்திய அரசின் ‘இந்தியா கோட்’ தளத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. திருத்தங்கள் சேர்ந்த வடிவமா, பழைய வடிவமா என்பதை முதலில் பாருங்கள். வரையறைப் பிரிவு, விலக்குகள், ‘விளக்கம்’ என்று அடியில் வரும் சிறிய பத்தி ஆகியவற்றை ஒருபோதும் தாண்டிப் போகக் கூடாது. அரசியலமைப்பின் 8-ஆம் உறுப்பு, வெளிநாட்டில் வாழும் இந்திய வம்சாவளியினரைப் பற்றிப் பேசும்போது பெற்றோர் அல்லது பாட்டன் பாட்டி இந்தியாவில் பிறந்திருந்தால் போதும் என்கிறது. 1955 குடியுரிமைச் சட்டத்தின் 5-ஆம் பிரிவில் இன்று இருக்கும் விளக்கமோ தானோ பெற்றோரில் ஒருவரோ பிரிக்கப்படாத இந்தியாவில் பிறந்திருக்க வேண்டும் என்கிறது. பாட்டன் காணாமல் போய்விட்டார். மலையகக் குடும்பங்களில் இந்தியாவில் பிறந்தவர் பெரும்பாலும் அந்தப் பாட்டன்தான்.

2019 திருத்தச் சட்டத்தைப் பற்றி எழுத வருகிறவர்களுக்கும் இதையே சொல்வேன். பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான் ஆகிய மூன்று நாடுகள், ஆறு சமயங்கள், 2014 டிசம்பர் 31 என்ற கடைசி நாள். இலங்கை அதில் இல்லை, முஸ்லிம்களும் இல்லை. விதிகள் 2024 மார்ச்சில்தான் வெளியாயின. 1946-இன் அயலார் சட்டத்தை மேற்கோள் காட்டும் பழைய கட்டுரைகளை அப்படியே நகலெடுக்காதீர்கள்; 2025 செப்டம்பர் 1 முதல் அதன் இடத்தில் குடிவரவு மற்றும் அயலார் சட்டம் வந்துவிட்டது. 2015 ஜனவரி 9 வரை வந்து பதிவு செய்துகொண்ட இலங்கைத் தமிழர்களுக்குத் தண்டனைப் பிரிவுகள் சிலவற்றிலிருந்து விலக்கும் அதையொட்டி அறிவிக்கப்பட்டது. விலக்கு என்பது குடியுரிமை அன்று. முதல் நாள் செய்தியில் இரண்டையும் குழப்பிக்கொண்டவர்கள் பலர்.

மூலத்துக்குப் போகாததால் வரும் கேட்டுக்கு நம்மிடையே ஒரு நல்ல எடுத்துக்காட்டு உண்டு. மலையக மக்களின் குடியுரிமையைப் பறித்த 1948 சட்டத்துக்குத் தமிழ்க் காங்கிரஸ் தலைவர் ஜி.ஜி. பொன்னம்பலம் கைதூக்கினார் என்பதை மேடையில் கேட்காத தமிழர் குறைவு. நாடாளுமன்ற விவாதப் பதிவான ஹன்சார்டைத் திறந்தால் கதை வேறு. 1948 ஆகஸ்டில் வந்த அந்த மசோதாவை அவர் எதிர்த்தார். அடுத்த மாதம் அரசில் சேர்ந்தார். அதே ஆண்டு டிசம்பரில் வந்த இந்திய, பாகிஸ்தானிய வதிவோர் மசோதாவுக்குத்தான் ஆதரவளித்தார். அதனால் அவர் குற்றமற்றவர் ஆகிவிடுகிறாரா என்பது தனி விவாதம். அவருடைய கட்சியிலிருந்து செல்வநாயகம் பிரிந்துபோய் 1949 டிசம்பரில் தமிழரசுக் கட்சியைத் தொடங்கியதற்கு இதுவும் காரணம். ஆனால் எந்த மசோதா என்றுகூடத் தெரியாமல் தீர்ப்பு எழுத முடியாது.

நீதிமன்றத் தீர்ப்புகளைப் படிப்பது வேறொரு பழக்கம். முதலில் கடைசிப் பக்கத்தில் உத்தரவைப் படியுங்கள், பிறகு முதல் பக்கத்தில் மனுதாரர் கேட்டதைப் படியுங்கள், நடுவிலுள்ள வாதங்களைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள். 2019 ஜூனில் மதுரைக் கிளை வழங்கிய உலகநாதன் வழக்குத் தீர்ப்பு தொடக்கத்துக்கு ஏற்றது. மலையக வம்சாவளியைச் சேர்ந்த 65 மனுதாரர்கள், பல ஆண்டு முகாம் வாழ்க்கை. நீதிமன்றம் குடியுரிமை வழங்கிவிடவில்லை. ஆட்சியர் வழியாக விண்ணப்பிக்கச் சொல்லி, 16 வாரத்துக்குள் மத்திய அரசு முடிவெடுக்க வேண்டும் என்றது. ‘அகதிகளுக்குக் குடியுரிமை: நீதிமன்றம் அதிரடி’ என்ற வகைத் தலைப்புக்கும் உத்தரவுக்கும் உள்ள தூரம் அவ்வளவு. படித்து முடித்தபின் மேல்முறையீடு உண்டா என்று தேடாமல் எந்தத் தீர்ப்பையும் மேற்கோள் காட்டாதீர்கள்.

இன்னொன்று, அன்று இலங்கைக்கு இறுதி மேல்முறையீட்டு மன்றமாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சில் 1953-இல் தீர்த்த கோடாக்கன் பிள்ளை வழக்கு. எந்தச் சமூகத்துக்கும் பாதகமாகச் சட்டம் இயற்றக் கூடாது என்று அன்றைய இலங்கை அரசியலமைப்பின் 29-ஆம் பிரிவு சொன்னது. குடியுரிமைச் சட்டம் எந்தச் சமூகத்தின் பெயரையும் சொல்லவில்லை, தன் குடிமக்கள் யார் என்று வரையறுப்பது நாடாளுமன்றத்தின் உரிமை என்று நீதிபதிகள் ஏற்றுக்கொண்டார்கள். பெயர் சொல்லாமலேயே பத்து லட்சம் பேரை வெளியே நிறுத்த முடியும் என்பதை இதைவிடச் சுருக்கமாகக் கற்பிக்கும் தீர்ப்பை நான் பார்க்கவில்லை.

ஐந்தாம் படி: பன்னாட்டுச் சட்டம்

இதில் ஒரு சிறு பட்டியல் போதும். 1948 டிசம்பர் 10-இன் உலக மனித உரிமைப் பிரகடனம்: 13-ஆம் உறுப்பு நடமாட்டம், 14 புகலிடம், 15 ‘ஒவ்வொருவருக்கும் ஒரு நாட்டுரிமை உண்டு’. இலங்கைச் சட்டம் நடைமுறைக்கு வந்து நான்கு வாரம்கூட ஆகாத நாள் அது என்பதைக் கோட்டில் குறித்துக்கொள்ளுங்கள். பிறகு 1951 அகதிகள் உடன்படிக்கை, 1967 நெறிமுறை, நாடற்றோர் பற்றிய 1954, 1961 உடன்படிக்கைகள். இந்தியாவும் இலங்கையும் இவற்றில் எதிலும் சேரவில்லை. ஆகவே ‘1951 உடன்படிக்கையை இந்தியா மீறுகிறது’ என்று எழுதினால் தேர்வாளர் சிரிப்பார். இந்தியா சேர்ந்திருப்பவை குடிமை, அரசியல் உரிமை உடன்படிக்கையும் குழந்தை உரிமை உடன்படிக்கையும். இரண்டிலும் குழந்தையின் நாட்டுரிமை பற்றி உறுப்பு உண்டு. வாதத்தை அங்கிருந்து கட்டுங்கள்.

உள்நாட்டிலும் பிடிமானம் இருக்கிறது. அரசியலமைப்பின் 14, 21 ஆகிய உறுப்புகள் ‘குடிமகன்’ என்று சொல்லவில்லை, ‘நபர்’ என்கின்றன. 19-ஆம் உறுப்பு குடிமக்களுக்கு மட்டும். கிழக்குப் பாகிஸ்தானிலிருந்து வந்த சக்மா அகதிகளின் உயிரைக் காக்க வேண்டியது அருணாசலப் பிரதேச அரசின் கடமை என்று உச்சநீதிமன்றம் 1996-இல் சொன்னது 21-ஐ வைத்துத்தான்.

ஆறாம் படி: எண்களை நம்பும் முன்

மக்கள்தொகைக் கணக்கும் ஒரு காகிதமே. அதையும் அதே ஐந்து கேள்விகள் கேளுங்கள். இலங்கைக் கணக்கெடுப்பில் 1911-லிருந்துதான் ‘இந்தியத் தமிழர்’ தனி வகை. 1946-இல் அவர்கள் ஏறத்தாழ 7,80,000 பேர், நாட்டில் 11.7 விழுக்காடு. 2012-இல் 8,39,504 பேர், சுமார் 4 விழுக்காடு. அறுபத்தாறு ஆண்டுகளில் ஒரு சமூகம் ஏன் இவ்வளவு குறைவாகவே வளர்ந்தது? இந்தியாவுக்குப் போனவர்கள் ஒரு விடை. ‘இந்திய’ என்ற முன்னொட்டே வேண்டாம் என்று ‘இலங்கைத் தமிழர்’ எனப் பதிந்தவர்கள் இன்னொரு விடை. எந்த விடைக்கு எவ்வளவு பங்கு என்பதை மாவட்டவாரியாகத்தான் பார்க்க முடியும். முகாம் கணக்கும் அப்படியே: 1983 முதல் வந்தவர்கள் மூன்று லட்சத்துக்கு மேல் என்பார்கள், இன்று நூற்றுக்கும் மேற்பட்ட முகாம்களில் இருப்பவர்கள் 58,000 அளவில். முதல் எண் ஆட்களை எண்ணுகிறதா, வருகைகளை எண்ணுகிறதா என்று கேளுங்கள். திரும்பிப் போய் மறுபடி வந்தவர்கள் உண்டு.

ஏழாம் படி: மனிதர்கள்

இவ்வளவும் செய்தபின் முகாமுக்குப் போங்கள், முன்பு அல்ல. 2021-லிருந்து அவற்றின் அரசுப் பெயர் இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாம். உள்ளே போக அனுமதி வேண்டும். அயலகத் தமிழர் நலன் மற்றும் மறுவாழ்வுத் துறைக்கும் மாவட்ட ஆட்சியருக்கும் எழுத்தில் விண்ணப்பியுங்கள். வாரங்கள் ஆகலாம். தெரிந்தவர் வழியாக உள்ளே நுழைந்துவிடலாம் என்று யாராவது யோசனை சொன்னால் கேட்காதீர்கள். நீங்கள் கிளம்பிப் போன பிறகு முகாம்களைக் கண்காணிக்கும் கியூ பிரிவுக் காவலருக்குப் பதில் சொல்ல வேண்டியவர் உங்களுக்குத் தேநீர் கொடுத்தவர்.

நான் செய்த பிழையைச் சொல்கிறேன். முதல் நேர்காணலில் ஒலிப்பதிவுக் கருவியை மேசைமேல் வைத்துவிட்டு, “படகில் யார் அழைத்து வந்தார்கள், எவ்வளவு கொடுத்தீர்கள்?” என்று கேட்டேன். அந்த அம்மா கருவியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், பிறகு பேத்தியின் படிப்பைப் பற்றிப் பேசத் தொடங்கினார். ஆவணமில்லாமல் நுழைந்ததுதான் அவருடைய குடியுரிமைக்கே தடை. அதை அவர் வாயால் சொல்லவைத்துப் பதிவு செய்யப் பார்த்திருக்கிறேன்! ஒரு தகவல் உங்கள் கட்டுரைக்குச் சுவையாகவும் அவர் வழக்குக்குக் கேடாகவும் இருக்கலாம். அந்தத் தகவலைக் கேட்காமலே இருந்துவிடுங்கள். கேட்டுவிட்டால் எழுதாதீர்கள்.

பெயர், முகாம், ஊர் மூன்றையும் சேர்த்துத் தராதீர்கள். சிறிய முகாமில் ‘மூன்று மகள்கள் உள்ள தையல்காரர்’ என்றாலே ஆள் தெரிந்துவிடும். ஒப்புதல் படிவத்தில் உடனே கையெழுத்து வாங்காதீர்கள். வாழ்நாள் முழுக்க அதிகாரிகள் நீட்டிய தாள்களில் கையெழுத்திட்டவர்கள் அவர்கள், உங்கள் தாளிலும் படிக்காமல் போட்டுவிடுவார்கள். வாசித்துக் காட்டி, ஒரு நாள் விட்டு, மறுபடி கேளுங்கள். வாய்மொழி ஒப்புதலை உங்கள் பல்கலைக்கழகம் ஏற்குமானால் அது நல்லது. ‘உங்களுக்குக் குடியுரிமை கிடைக்க இந்த ஆய்வு உதவும்’ என்று மட்டும் சொல்லவே சொல்லாதீர்கள். சட்ட உதவி கேட்டால் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவின் முகவரியை எழுதிக் கொடுங்கள்.

மாதப் பணக்கொடை, பதிவு, வெளியே போக அனுமதி, பிள்ளையின் கல்லூரிச் சேர்க்கை என்று அன்றாடத்தைக் கேளுங்கள். பிறந்த குழந்தையைச் சென்னையிலுள்ள இலங்கைத் துணைத் தூதரகத்தில் பதிந்தார்களா என்று கேளுங்கள். இலங்கைக்கு வெளியே இலங்கைக் குடிமக்களுக்குப் பிறந்த பிள்ளை அப்படிப் பதிந்தால்தான் அந்நாட்டுக் குடியுரிமை பெறும். பதியாத குழந்தை இரு நாட்டுக்கும் நடுவே நிற்கிறது. எந்த உடன்படிக்கையிலும் கிடைக்காத தகவல் இது.

எட்டாம் படி: இப்போது கோட்பாடு

உரிமைகளைப் பெறுவதற்கான உரிமை என்று அரசியல் சிந்தனையாளர் ஹன்னா அரெண்ட் சொன்னதை இந்தக் கட்டத்தில் படியுங்கள். நாஜி ஜெர்மனி குடியுரிமையைப் பறித்தபின் பல ஆண்டுகள் நாடற்றவராக இருந்தவர் அவர். பிளாஸ்டிக் பைப் பெரியவரைப் பார்த்த பிறகு அந்த வரி புரியும். பிரிட்டிஷ் சமூகவியலாளர் டி.எச். மார்ஷல் குடியுரிமையைக் குடிமை, அரசியல், சமூக உரிமைகள் என்று அடுக்கியதையும் படியுங்கள், படித்துவிட்டு முகாமோடு உரசிப் பாருங்கள்: இலவச அரிசியும் பள்ளியும் வீடும் உண்டு, வாக்கு இல்லை. மார்ஷலின் வரிசை இங்கே தலைகீழாகி நிற்கிறது. உங்கள் பங்களிப்பு இப்படிப்பட்ட இடத்தில்தான் பிறக்கும்.

எங்கே தேடுவது

ஈழத்து, மலையகத்துத் தமிழ் அச்சு முழுமைக்கும் ‘நூலகம்’ என்ற இணையத்தளம். பழைய மலையக இதழ்களை வீட்டிலிருந்தே புரட்டலாம். சென்னையில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகமும் எழும்பூரிலுள்ள தமிழ்நாடு ஆவணக் காப்பகமும். காப்பகத்தில் அனுமதிச் சீட்டு வாங்கவே ஒரு நாள் போகும், பொறுமையோடு போங்கள். இந்திய வெளியுறவு அமைச்சகத்தின் ஒப்பந்தத் தொகுப்பில் 1964 ஒப்பந்தத்தின் வாசகம் கிடைக்கும். ஆங்கிலத்தில் கட்டணமின்றிப் படிக்க ஆக்ஸ்போர்டிலிருந்து வரும் ‘ஃபோர்ஸ்டு மைகிரேஷன் ரிவ்யூ’. கொல்கத்தா ஆய்வுக் குழு தெற்காசிய அகதிகள் பற்றி நெடுங்காலமாக எழுதிவருகிறது. தாயகம் திரும்பியோரைத் தேடுபவர்கள் கூடலூர், கோத்தகிரி பக்கம் போகலாம். அவர்களுக்கு வேலை கொடுக்கத் தொடங்கிய அரசுத் தேயிலைத் தோட்டமான டான்டீ அங்கேதான் இருக்கிறது.

ஒன்பதாம் படி: கேள்வியைக் குறுக்குங்கள்

‘இலங்கை அகதிகளின் மனித உரிமைகள்’ என்று தலைப்பு வைத்தவர் மூன்றாண்டு கழித்தும் முதல் இயலிலேயே இருப்பார். ‘1987 ஜூலைக்கு முன் ஒரு முகாமில் பிறந்தவர்களில் கடவுச்சீட்டுக்கு விண்ணப்பித்தவர்கள் எத்தனை பேர், விண்ணப்பிக்காதவர்கள் ஏன் விண்ணப்பிக்கவில்லை’ என்று கேட்டவர் ஓராண்டில் முடிப்பார். அவர் எழுதியதை வழக்கறிஞர் ஒருவர் மனுவில் இணைக்கவும் கூடும். கேள்வியில் ஒரு தேதி, ஓர் இடம், ஓர் ஆவணம் மூன்றும் இருக்கின்றனவா என்று பாருங்கள். மூன்றில் ஒன்று இல்லையென்றால் இன்னும் குறுக்க வேண்டும்.

கடைசியாக ஒரு நடைமுறைக் குறிப்பு. மக்கள் தரும் மூல ஆவணத்தை இரவுக்குக்கூட உங்களிடம் வைத்துக்கொள்ளாதீர்கள். அவர்கள் கண்முன்னே கைப்பேசியில் படம் எடுங்கள், முன்பக்கமும் பின்பக்கமும், முத்திரை தெளிவாகத் தெரியும்படி. தெளிவான அச்சுப் பிரதி இரண்டு எடுத்து அடுத்த முறை போகும்போது அவர்களிடமே கொடுங்கள், ஒன்று பைக்கு, ஒன்று பக்கத்து வீட்டில் வைக்க. மழைக்காலத்தில் முகாம் வீடுகள் ஒழுகும்.